பூட்டு விழுந்த தீவு

அந்த வீட்டில் எதையும் தொடங்குகிறவர் அவர், முடித்துவைக்கிறவள் அவள் என்று சொந்தக்காரர்கள் கேலி பேசுவார்கள். அவர் லிஃப்ட் மெக்கானிக். ஊரில் உள்ள உயரமான கட்டடங்களின் உச்சந்தலையில் ஏறி மோட்டாரையும் இரும்புக் கயிற்றையும் ஒழுங்கு பண்ணுகிற மனுஷன், வீட்டில் அலமாரிக் கதவைக் கழற்றினால் திருப்பி மாட்ட மாட்டார். அவள் மூக்குக்கண்ணாடிக் கடையின் பின்னறையில் லென்ஸ் தேய்க்கிறவள். ஓரம் ஒரு மயிரிழை பிசகினாலும் கண்ணாடி சட்டத்தில் உட்காராது. அந்தக் கை வீட்டுக்கு வந்த பிறகும் அப்படித்தான் இருக்கும். எடுத்ததை முடிக்காமல் வைக்காது.

அதனால் மகள் போன பிறகு நடக்கவேண்டிய வேலைகளெல்லாம் அவள் தலையிலேயே விழுந்தன.

மகள் குறைமாதத்தில், சுண்டுவிரல் கணக்காகப் பிறந்தவள். அதனால் வீட்டில் எல்லாருக்கும் அவள் சுண்டு. பதின்மூன்று வயதில் அம்மாவை விட ஒரு பிடி உயரமாகி, ‘இப்ப யாரு சுண்டு?’ என்று அம்மாவின் தலைமேல் முழங்கையை ஊன்றிக்கொண்டு நிற்பாள். ஒரு திங்கட்கிழமை தலைவலி என்று பள்ளியிலிருந்து சீக்கிரமே வந்து படுத்தாள். மூளைக்காய்ச்சல். அந்த வாரம் முடிவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

பள்ளிக்கூடத்தில் பெயரை எடுத்தது, நூலக அட்டையைத் திருப்பிக் கொடுத்தது, கைப்பேசி எண்ணை ரத்து செய்தது, பல்லுக்குக் கம்பி கட்டிய டாக்டரிடம் போய் ‘இனிமே வர மாட்டா’ என்று சொன்னது எல்லாம் அவள்தான். ஒவ்வொரு இடத்திலும் அவர் கூடவே வந்து வெளியில் பெஞ்சில் உட்கார்ந்துகொள்வார். உள்ளே வர மாட்டார். அவளுக்குக் கோபமும் வரவில்லை. யாராவது ஒருவர் செய்துதானே ஆகவேண்டும்.

ஒன்று மட்டும் அவள் கைக்குத் தப்பிப் போயிருந்தது. சுண்டுவின் அறையில் டி.வி.க்குக் கீழே இருந்த கேம் பெட்டிக்கு மாதச் சந்தா. மாதம் பிறந்தால் தன்னால் புதுப்பித்துக்கொள்ளும். சின்னப்பிள்ளையின் கணக்கு என்பதால் அதற்கு வருகிற மெயிலெல்லாம் அம்மாவின் கைப்பேசிக்கு வரும். விளம்பரம் என்று படிக்காமல் தள்ளிவிட்டுக்கொண்டிருந்தாள், சுண்டுவின் பிறந்தநாள் வரைக்கும்.

அன்று லீவு போட்டால் வீட்டில் உட்கார்ந்து என்ன செய்வது என்று வேலைக்கு வந்திருந்தாள். லென்ஸ் தேய்க்கும் சக்கரம் ஓடிக்கொண்டிருந்தது. பக்கத்தில் வைத்திருந்த கைப்பேசி ஒளிர்ந்தது. ‘பதினாலாவது பிறந்தநாள் வாழ்த்துகள், சுண்டு! உனக்காக ஒரு பரிசு காத்திருக்கிறது.’ திறந்ததும் திரை முழுவதும் வண்ணக் காகிதத் துணுக்குகள் உதிர்ந்தன.

சக்கரத்தை நிறுத்திவிட்டுக் கழிவறைக்குப் போய்த் தாழ் போட்டுக்கொண்டாள். அங்கே நின்றபடியே தேடித்தேடி சந்தாவை நிறுத்தினாள். ‘நிச்சயமாகத்தானா? உன்னை இழக்க எங்களுக்கு மனமில்லை’ என்று அது கேட்டது. நிச்சயம் என்று அழுத்தினாள். கட்டின பணத்துக்கு இந்த மாதம் முடியும்வரை ஓடும் என்று வந்தது. இனிமேல் எந்த மெயிலும் வேண்டாம் என்றும் ஒரு சின்னக் கட்டத்துக்குள் குறி போட்டாள். முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து பாதியில் விட்ட லென்ஸைத் தேய்த்து முடித்தாள்.

விளையாட்டுகள் பூட்டிக்கொள்ளும் என்று அவளுக்குத் தெரியாது. சந்தா நின்றால் புதுசு வராது, அவ்வளவுதான் என்று நினைத்தாள். பத்திரிகைக்குச் சந்தா கட்டுவதை நிறுத்தினால், வீட்டில் கிடக்கிற பழைய இதழ்களை வந்து அள்ளிக்கொண்டா போவான்?

அவரிடம் சொல்லவில்லை. மற்றதையெல்லாம் முடித்தபோதும் விவரம் சொன்னதில்லை. அவர் கேட்டதுமில்லை.

*

ஒரு புதன்கிழமை கடையில் மின்சாரம் போய், மதியத்துக்கு முன்பே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். புதன் அவருக்கு வார விடுமுறை. தூங்கிக்கொண்டிருப்பார் என்று சத்தமில்லாமல் கதவைத் திறந்தாள். படுக்கையறையில் ஆளில்லை. சுண்டுவின் அறைக் கதவு பாதி திறந்திருந்தது.

அவர் தரையில் உட்கார்ந்திருந்தார். கேம் பெட்டியை முன்னால் இழுத்துப்போட்டு, பின்பக்கத்து வயரையெல்லாம் கழற்றி, ஒவ்வொன்றாகத் துணியால் துடைத்து மாட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் அவருடைய வேலைப்பை திறந்து கிடந்தது. டி.வி.யில் கடல் நடுவே ஒரு பச்சைத் தீவின் படம். அதன் மூலையில் சின்னதாக ஒரு பூட்டு.

“என்னங்க பண்றீங்க?”

அவர் திடுக்கிட்டார். “ஒண்ணுமில்ல. இது திறக்க மாட்டேங்குது. போன வாரம் நல்லாத்தான் இருந்துச்சு. வயர்ல எங்கயோ கோளாறு.”

“நீங்க இதெல்லாம் விளையாடுவீங்களா?”

“விளையாட எங்க தெரியும்? சும்மா போய்ச் சுத்திப் பார்ப்பேன். அவ கட்டின ஊரு உள்ள இருக்கு.”

“எப்ப இருந்து?”

“புதன்கிழமைல மட்டும்தான்” என்றார், தப்புச் செய்து மாட்டிக்கொண்ட பிள்ளை மாதிரி.

கிட்டத்தட்ட ஒரு வருஷமாக ஒவ்வொரு புதனும், அவள் வேலைக்குப் போன பிறகு, இந்த மனிதர் இந்த அறையில் உட்கார்ந்து மகளைப் போய்ப் பார்த்துவிட்டு வந்திருக்கிறார். அவள் திரையில் இருந்ததைப் படித்தாள். ‘தொடர்ந்து விளையாட உறுப்பினர் சந்தா தேவை.’

“வயர் இல்லங்க” என்றாள். “நான்தான். சந்தாவை நிறுத்திட்டேன்.”

அவர் கையிலிருந்த வயரைப் பார்த்தார். அதை மாட்டவுமில்லை, கீழே வைக்கவுமில்லை.

“சொல்லியிருக்கலாம்ல” என்றார் கடைசியில்.

“நீங்களும்தான் சொல்லல.”

“ம்.”

இரண்டு பேரும் சொன்னது நிஜம். அதற்கு மேல் சண்டை போடவும் அங்கே ஒன்றும் இல்லை.

அவள் உடனே கைப்பேசியை எடுத்தாள். நிறுத்தியவளுக்குத் திரும்பத் தொடங்கவா தெரியாது? அட்டை எண்ணைப் போட்டாள், ‘மீண்டும் வருக!’ என்று வந்தது. இரண்டு பேரும் திரையைப் பார்த்தார்கள். பந்தாட்டத்தின் பூட்டு மறைந்தது. கார் ஓட்டுவது திறந்தது. கட்டம் அடுக்குவது திறந்தது. தீவின்மேல் இருந்த பூட்டு மட்டும் அப்படியே இருந்தது. அழுத்தியபோது, ‘இந்த விளையாட்டு இப்போது கிடைப்பதில்லை’ என்று வேறு வாசகம் வந்தது.

உதவி எண்ணைக் கூப்பிட்டாள். ஒரு பெண் குரல், பாவம், பொறுமையாகத்தான் பேசியது.

“மேடம், உங்க பொண்ணு சேவ் பண்ணினது எல்லாம் உங்க பெட்டிக்குள்ளதான் பத்திரமா இருக்கு. அது எங்கயும் போகல. ஆனா அதைத் திறக்கிற கேம் போன மாசத்தோட எங்க சந்தாவுல இருந்து விலகிடுச்சு.”

“தனியா விலைக்கு வாங்கிக்கிறேன்.”

“விக்கிறதையும் நிறுத்திட்டாங்க மேடம். அந்தக் கேம் பண்ணின கம்பெனியையே மூடிட்டாங்க.”

“நான் சந்தாவை நிறுத்தாம இருந்திருந்தா?”

“இருந்திருந்தாலும் விலகித்தான் இருக்கும் மேடம். என்ன, ரெண்டு வாரம் முன்னாடியே உறுப்பினர்களுக்கு மெயில் அனுப்பியிருந்தோம். அதைப் பார்த்தவங்க கடைசித் தேதிக்குள்ள விலைக்கு வாங்கி வச்சிக்கிட்டாங்க. வாங்கினவங்களுக்கு எப்பவும் திறக்கும்.”

ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் அவரும் கேட்டார். போனை வைத்ததும், “சொன்னாங்கல்ல, எப்படியும் போயிருக்குமாம்” என்றார். “நீ மனசைப் போட்டு குழப்பிக்காதே.”

பாதியை விட்டுவிட்டு மீதியை மட்டும் எடுத்து நீட்டுகிறார் என்று அவளுக்குத் தெரிந்தது. அந்த மீதியை வாங்கிக்கொள்ள அவளுக்குக் கை வரவில்லை. மெயில் வேண்டாம் என்று குறி போட்டவள் அவள்.

சாயங்காலம் சாப்பாட்டு மேஜையில் அவரிடம் கேட்டாள். “உள்ள என்னதாங்க இருந்துச்சு?”

சொல்லத் தொடங்கியதும் அவர் முகம் மாறியது. இத்தனை மாதத்தில் அவர் சேர்ந்தாற்போல் இவ்வளவு பேசி அவள் பார்த்ததில்லை. தீவு முழுக்க சுண்டு பலகை நட்டு வைத்திருந்தாளாம். தமிழையே ஆங்கில எழுத்தில் எழுதி வைப்பாளாம். ஒரு ஆட்டுக்குப் பக்கத்தில், ‘இவரைத் தொட்டால் ஹெட்மாஸ்டரிடம் சொல்லிவிடுவேன். இவர்தான் ஹெட்மாஸ்டர்.’ கலங்கரை விளக்கத்துக்குள் ஒரு லிஃப்ட், அதன் வாசலில், ‘பழுது. அப்பா சாப்பிடப் போயிருக்கிறார். எப்போது வருவார் என்று லிஃப்டுக்கும் தெரியாது.’

அவள் சிரித்தாள். சிரிப்பு பாதியில் வேறு மாதிரி ஆகிவிட்டது. அவர் தண்ணீர் டம்ளரை அவள் பக்கம் நகர்த்தினார்.

“உன் கடைகூட இருக்கு” என்றார்.

“என் கடையா? அதுல என்ன?”

“அதை நான் சொன்னா நல்லா இருக்காது. நீயே பார்த்தாத்தான்...” என்று தொடங்கியவர், சட்டென்று நிறுத்திக்கொண்டு தட்டைப் பார்த்தார்.

‘அம்மா, ஒரு நிமிஷம் வந்து பாரேன்’ என்று அந்த அறையிலிருந்து எத்தனை தடவை குரல் வந்திருக்கும்? அவள் அடுப்படியிலிருந்தே பதில் சொல்வாள்: இதோ வரேன். அப்புறம் பார்க்கிறேன். முதல்ல அதை அணைச்சுட்டு வா.

*

சனிக்கிழமை கேம் கடைக்குப் போனாள். அவருக்குச் சொல்லிவிட்டுத்தான் போனாள். கடைக்காரர் காதில் ஒரு பக்கம் கடுக்கன் போட்ட, தலை நரைக்கத் தொடங்கிய மனிதர். விஷயத்தைக் கேட்டதும் உதட்டைப் பிதுக்கினார்.

“அதுக்கு டிஸ்க்கே கிடையாதுங்கம்மா. காத்துல வந்த கேம், காத்தோட போயிடுச்சு.”

“வாங்கி வச்சிருக்கிறவங்க யாராவது இருப்பாங்களா?”

“இருந்தா?”

“அவங்க வீட்டுல போய் ஒரு தடவை பார்க்கலாமான்னு கேட்கத்தான்.”

கடைக்காரர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். ஒரு விளையாட்டுக்காக இவ்வளவு மெனக்கெடுகிற அம்மாவை அவர் அதுவரை கண்டதில்லை போலிருக்கிறது. “உங்க பொண்ணோட சேவை பென் டிரைவ்ல எடுத்துட்டுப் போய், வாங்கினவங்க பெட்டியில உங்க பொண்ணு பேருலயே உள்ள நுழைஞ்சா, திறக்க வாய்ப்பிருக்கு” என்றார். “என் வாடிக்கையாளர் ஒருத்தி இருக்கா. பேக்கரியில விடியக்காலை வேலை, மத்தியானம் வீட்டுலதான் இருப்பா. கேட்டுச் சொல்றேன்.”

பதில் சரி என்று வரும் என்று அவள் நினைக்கவே இல்லை. அந்தப் பேக்கரிப் பெண் புதன்கிழமை மதியம் வரச் சொல்லியிருந்தாள்.

அவர் இருப்பதிலேயே நல்ல சட்டையைப் போட்டுக்கொண்டார். பென் டிரைவை சட்டைப்பையில் வைத்து, பஸ்ஸில் போகும்போது நாலைந்து தடவை தொட்டுப் பார்த்தார். வெறுங்கையோடு எப்படிப் போவது என்று அவள் பழம் வாங்கிக்கொண்டாள். பெண் பார்க்கப் போகிறவர்கள் மாதிரி இருவரும் ஒரு மாடிப்படியை ஏறினார்கள்.

கதவைத் திறந்தவளுக்கு இருபத்தைந்து வயது இருக்கும். முழங்கையில் மாவு ஒட்டிக் காய்ந்திருந்தது. “வாங்க, வாங்க” என்று சோபாவில் கிடந்த துணிகளை அள்ளி இடம் பண்ணினாள். அவர்களுக்குப் பின்னால் படிக்கட்டை எட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டாள், “பொண்ணு வரலையா?”

“வரலம்மா” என்றார் அவர்.

கடைக்காரர் சொல்லவில்லை. அவளும் கடையில் அதைச் சொல்லியிருக்கவில்லை என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

“ஸ்கூல் இருக்கும்ல, நான் ஒரு மண்டு” என்று சிரித்துக்கொண்டே பேக்கரிப் பெண் பென் டிரைவைச் செருகினாள். சுண்டுவின் பெயர் வந்தது. தீவு வந்தது. பூட்டு இல்லை. அலைச் சத்தம் கூடத்தை நிறைத்தது.

கரையில், சிவப்புத் தொப்பி போட்ட ஒரு சின்னப் பெண் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள்.

“இவதான்” என்றார் அவர்.

பேக்கரிப் பெண் டீ போடுகிறேன் என்று உள்ளே போனாள். அவர் கன்ட்ரோலரைக் கையில் எடுத்தார். கனத்த ஸ்பேனர் பிடித்துத் தழும்பேறிய விரல்களால் அந்தச் சிவப்புத் தொப்பியை மெல்ல நடத்தினார். நிறைய நடந்து பழகிய வழி என்று தெரிந்தது. ஹெட்மாஸ்டர் ஆடு மேய்ந்துகொண்டிருந்தது. ஒரு குழியின் ஓரத்தில் பலகை: ‘இதில் முதலில் விழுந்தது நான்தான். சிரிச்சது போதும், கை கொடுங்க.’ அவள் ஒவ்வொரு பலகையிலும் நிறுத்தச் சொன்னாள். எழுத்துப் பிழைகளோடு எல்லாவற்றையும் வாய்விட்டுப் படித்தாள். படிக்கப் படிக்க மகளின் குரல் அப்படியே காதில் விழுந்தது. அந்த அவசரம், கடைசி வார்த்தையை இழுக்கிற அந்த இழுப்பு.

“மெதுவாப் போங்க” என்றாள். “ஓட விடாதீங்க அவளை.”

தெருக் கோடியில் ஒரு சின்னக் கடை. மூக்குக்கண்ணாடிப் படம் போட்ட பலகை. உள்ளே கல்லாவுக்குப் பின்னால் கொண்டை போட்ட ஒரு பொம்மை அம்மாள்.

“கிட்டப் போனா பேசும்” என்றார். “இந்தா, நீயே போ.”

அவள் கையில் கன்ட்ரோலரை வைத்து, எந்தக் குமிழைத் தள்ள வேண்டும் என்று காட்டினார். சிவப்புத் தொப்பி சுவரில் முட்டி, கதவில் முட்டி, ஒருவழியாகக் கல்லா முன்னால் போய் நின்றது. பொம்மை அம்மாளின் தலைக்கு மேல் ஒரு வெள்ளைக் கட்டம் விரிந்தது. ‘போதும், அதை அணைச்சுட்டு வந்து சாப்பிடு.’

இன்னொரு தடவை அழுத்தினாள். ‘மணி என்ன ஆச்சு பாரு.’ இன்னொரு தடவை. ‘இதோ வரேன். அப்புறம் பார்க்கிறேன்.’

அதற்கப்புறம் அந்தப் பொம்மைக்குச் சொல்ல வேறு எதுவும் இல்லை. முதலிலிருந்து அதையே சொன்னது. அவள் திரும்பத் திரும்ப அழுத்திக்கொண்டே இருந்தாள். அவர் அவள் முழங்கையைப் பிடித்தார். பிடித்தாரே ஒழிய, நிறுத்தவில்லை.

டீயோடு வந்த பேக்கரிப் பெண் திரையைப் பார்த்து வாய்விட்டுச் சிரித்தாள். “ஐயோ, எங்கம்மாவும் அச்சு அசல் இப்படித்தான்! உங்க பொண்ணு சரியான வாலா இருப்பா போல. எத்தனாவது படிக்கிறா?”

“ஒன்பதாவது” என்றாள் அவள்.

அவர் திரும்பிப் பார்த்தார். அவள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“ஒன்பதாவதா? நல்லாப் படிப்பாளா?”

“கணக்கு மட்டும்தான் வராது. மத்ததெல்லாம் பரவாயில்ல. பல்லுக்குக் கம்பி போட்டிருக்கு, இந்த வருஷம் எடுத்துடுவாங்க. என்னை விட உயரம்.” வார்த்தைகள் தாமாகவே வந்தன. நிறுத்தவும் மனமில்லை. “வாய் மட்டும் கொஞ்சம் நீளம்.”

“அதான் பார்த்தாலே தெரியுதே!”

டீ குடித்தார்கள். பேக்கரிப் பெண் தன்னுடைய தீவைப் பற்றி, அதில் செத்துப்போகும் தக்காளிச் செடிகளைப் பற்றிச் சொன்னாள். வெயில் சன்னலை விட்டு நகர்ந்தபோது அந்தப் பெண் கொட்டாவியை அடக்குவதைப் பார்த்து அவர் எழுந்தார். விடியக்காலையில் வேலைக்குப் போகிற பெண், தூங்க வேண்டாமா? அணைக்கும்முன் சிவப்புத் தொப்பியைக் கடைக்குள்ளேயே, அம்மாளின் பக்கத்தில் நிறுத்திவிட்டு அணைத்தார்.

வாசலில் பேக்கரிப் பெண் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். “எப்ப வேணா வாங்கக்கா. ஆனா அடுத்த தடவை அவளையும் கூட்டிட்டு வரணும். இல்லன்னா கதவைத் திறக்க மாட்டேன்.”

“சரிம்மா” என்றாள் அவள்.

பஸ் நிறுத்தத்தில் வேறு யாருமில்லை. ஒரு பஸ் வந்து நின்றது. இருவரும் ஏறவில்லை, அது போய்விட்டது.

“ஏன் அப்படிச் சொன்ன?” என்றார்.

“தெரியலங்க. வாய்ல வந்துடுச்சு.”

“இனி எந்த முகத்தை வச்சிக்கிட்டு அங்க போறது?”

“போக முடியாதுதான்.” அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். மறுபடியும் துடைக்க வேண்டியிருந்தது. “நீங்க ஒரு வருஷமா பார்த்தீங்க. நான் இன்னைக்குத்தாங்க பார்த்தேன். அதையும் நானே என் வாயால கெடுத்துக்கிட்டேன்.”

அவர் அவள் பக்கத்தில் நெருங்கி உட்கார்ந்தார். எந்த அலுவலகத்துக்கும் உள்ளே வராதவர், எந்தக் கவுண்டர் முன்னாலும் நிற்காதவர், இப்போது சொன்னார்: “நீ இங்கயே இரு. நான் மேல போய் உள்ளதைச் சொல்லிட்டு வந்துடுறேன். நல்ல பொண்ணு, புரிஞ்சுக்குவா. நாம எப்ப வேணா வரலாம்.”

சொல்லிக்கொண்டே எழுந்தும் விட்டார். அவள் அவர் சட்டையின் நுனியைப் பிடித்து இழுத்தாள்.

“வேண்டாங்க.”

“ஏம்மா?”

“சொல்லாதீங்க. அங்க ஒரு இடத்துலயாவது அவ ஒன்பதாவது படிக்கட்டும்.”

அவர் நின்ற இடத்திலேயே நின்றார். பிறகு அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு, மகள் போனதிலிருந்து முதல் தடவையாகத் தெருவில் போகிறவர்கள் திரும்பிப் பார்க்கும்படி அழுதார். அவள் சட்டையைப் பிடித்த கையை எடுக்கவில்லை. அடுத்த பஸ்ஸும் வந்து, கொஞ்ச நேரம் கதவைத் திறந்து வைத்திருந்துவிட்டுப் போனது.